கொஞ்சம் இடம் வேண்டும்

இடம் போதவில்லை என்ற குறை இல்லாத பொருள் உலகத்தில் உண்டா என்று யோசித்துப் பார்க்கிறேன். ஒன்றும் அகப்படவில்லை. ரயிலில் இடம் இல்லை. பரணில் இடம் இல்லை. பத்திரிகையில் இடம் இல்லை. கடைசியாகச் சொன்னதைப் பற்றி எழுத்தாளர்களைக் கேட்டால் கதை கதையாகச் சொல்வார்கள். "நன்றாகத்தான் இருக்கிறது ஸார், இரண்டு பக்கம் மட்டும் குறைத்துக் கொடுத்துவிடுங்கள்" என்று சொல்லாத பத்திரிகாசிரியர் இன்னும் பிறக்கவில்லை. இந்த ஜாபிதாவில் இப்போது இரண்டு கைக்குள் அடங்கும் ஒரு விளையாட்டுப் பெட்டியும் சேர்ந்துகொண்டிருக்கிறது.

அந்தப் பெட்டிக்குள் இடம் காலி செய்த கதையைத்தான் இங்கே சொல்லப் போகிறேன். இதற்கும் ஒரு கட்டுரையா என்று சிரிக்க வேண்டாம். எதை வைத்துக்கொள்வது, எதை விடுவது என்ற கேள்வி எழும் இடம் சிறியதாக இருக்கலாம். கேள்வி சிறியது அல்ல.

பெட்டியின் பெயர் நின்டெண்டோ 3டிஎஸ். நின்டெண்டோ என்பது ஜப்பானில் கியோட்டோ நகரத்துக் கம்பெனி. 1889-ல் பூப்படம் போட்ட சீட்டுக்கட்டு செய்து விற்கும் கடையாகத் தொடங்கியது. சீட்டு விற்றவர்கள் கால ஓட்டத்தில் மின்சார விளையாட்டுக்கு வந்து சேர்ந்து, 2011 பிப்ரவரியில் இந்தப் பெட்டியை வெளியிட்டார்கள். தகரப் பவுடர் டப்பாவைத் திறப்பது போல மூடியைத் திறந்தால் மேலே ஒரு திரை, கீழே ஒரு திரை. கண்ணாடி எதுவும் மாட்டிக்கொள்ளாமலே மேல் திரையில் காட்சிகள் ஆழமாகத் தெரியும். கீழ்த் திரையைச் சின்னக் குச்சிப் பேனாவால் தொட்டு ஆட வேண்டும். உலகம் பூராவும் ஏழரைக் கோடிக்கு மேல் விற்றது. பிறகு எல்லாப் பண்டத்துக்கும் நேர்வதுதான் இதற்கும் நேர்ந்தது. 2020-ல் செய்வதை நிறுத்தினார்கள். 2023 மார்ச்சில், பெட்டிக்குள்ளேயே இருந்த விளையாட்டுக் கடையில் விற்பனையை மூடினார்கள். 2024 ஏப்ரலில், ஓர் ஊரில் இருப்பவன் இன்னோர் ஊரில் இருப்பவனோடு சேர்ந்து ஆடும் வசதியும் நின்றது.

எங்கள் வீட்டுக்கு இந்தப் பெட்டி 2013-ல் வந்தது. என் அண்ணா அப்போது சிங்கப்பூரில் உத்தியோகத்தில் இருந்தார். ஒன்பது வயது மகனுக்கு வாங்கிக் கொடுத்தார். கோடை விடுமுறை தோறும் பையனும் பெட்டியும் கும்பகோணத்து வீட்டுக்கு வருவார்கள். பையன் ஊஞ்சலில் கவிழ்ந்து படுத்துக்கொண்டு ஆடுவான். என் தகப்பனார் அந்த ஊஞ்சலின் ஓரத்தில் கிடைத்த இடத்தில் உட்கார்ந்து பேப்பர் படிப்பார். இப்போது பையனுக்கு வயது இருபத்தொன்று, பெங்களூரில் வேலை. பெட்டி என் பெண்ணிடம் வந்துவிட்டது. அவளுக்கு வயது பதினொன்று.

நடுவில் ஒரு சங்கதி உண்டு. 2020-ல் ஊரெல்லாம் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருந்த சமயத்தில், பையன் இந்தப் பெட்டியை 'மோட்' செய்துவிட்டான். அது என்ன என்று கேட்டேன். "கம்பெனி உள்ளே ஒரு பூட்டுப் போட்டிருக்கான் சித்தப்பா. அதைத் திறந்துட்டேன்" என்றான். அதாவது கம்பெனி கையெழுத்துப் போட்டு அனுமதித்த நிரல்களைத் தவிர வேறொன்றும் ஓடாதபடி கட்டியிருக்கும் கட்டைத் தளர்த்தி, தன்னார்வக்காரர்கள் எழுதி இலவசமாகக் கொடுக்கும் நிரல்களை ஓட விடுவது. லூமா என்று ஒன்று அடிப்படையாக உட்கார்ந்துகொள்கிறது. எஃப்பிஐ என்று ஒன்று விளையாட்டுகளை ஏற்றவும் இறக்கவும் பயன்படுகிறது. அமெரிக்கப் போலீஸுக்கும் அதற்கும் பெயரைத் தவிர சம்பந்தம் ஒன்றும் இல்லை. காட்மோட்9 என்பது பெட்டியின் மூலை முடுக்கெல்லாம் நுழைந்து பார்க்கும் மேஸ்திரி. செக்பாயின்ட் என்பது ஆடிய ஆட்டத்தின் கணக்கைப் பத்திரப்படுத்தும் கணக்கப்பிள்ளை.

சென்ற தீபாவளிக்குப் பையன் வந்திருந்தான். என் பெண் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அவனிடம் ஓடினாள்.

"அண்ணா, இடம் இல்லைன்னு சொல்லுது. அனிமல் கிராஸிங் வேணும்னா பிளாக்கைக் காலி பண்ணுங்கிறது."

அனிமல் கிராஸிங் என்பது ஒரு சிற்றூரை நிர்மாணிக்கும் விளையாட்டு. மரம் நடலாம், மீன் பிடிக்கலாம், மிருகங்களோடு அக்கம்பக்கமாகக் குடியிருக்கலாம். பையன் அதை முன்னமே காசு கொடுத்து வாங்கியிருந்தான்; இடத்துக்காக எப்போதோ நீக்கிவிட்டிருந்தான். புதிதாக வாங்கத்தான் வழி இல்லை. வாங்கியதைத் திரும்ப இறக்கிக்கொள்ளலாம் என்று கடையை மூடும்போது கம்பெனி அறிவித்திருந்தது. ஆனால் இறக்கிவைக்க மனை வேண்டுமே!

இந்தப் பெட்டி இடத்தைப் 'பிளாக்' கணக்கில் அளக்கிறது. எங்கள் தஞ்சாவூர்ப் பக்கத்தில் நூறு குழி ஒரு மா, இருபது மா ஒரு வேலி. 3டிஎஸ் ராஜ்யத்தில் ஒரு பிளாக் என்பது 128 கிலோபைட். எட்டுப் பிளாக் ஒரு மெகாபைட். வாங்கும்போது கூடவே வந்த 4 ஜிபி கார்டில் முப்பதாயிரம் பிளாக் சுமார் இருந்தது. பையன் பின்னால் போட்டது 32 ஜிபி கார்டு. அதில் இரண்டரை லட்சத்துக்குச் சற்றுக் குறைவு. கம்பெனி அனுமதிக்கும் உச்சவரம்பு அதுதான். அதற்கு மேற்பட்ட கார்டுகள் கடையிலிருந்து வரும்போது வேறு முறையில் பாத்தி கட்டப்பட்டிருக்கும். பெட்டிக்கு அது புரியாது. ஃபேட்32 என்ற பழைய முறையில் பாத்தி மாற்றிக் கட்டினால் 64 ஜிபி கார்டும் வேலை செய்யும்.

"அப்படியானால் ஒரு பெரிய கார்டு வாங்கிப் போட்டுவிட்டால் போச்சு. எதற்கு இந்தக் கஷ்டம்?" என்றேன்.

"போடலாம் சித்தப்பா. ஆனா அதுவும் ரெண்டு மாசத்திலே ரொம்பிடும்" என்றான் பையன். இருபத்தொரு வயதில் இவ்வளவு தத்துவ ஞானம் கூடாது. ஆனால் அவன் சொன்னது வாஸ்தவம். பரண் பெரிதானதால் வீடு சுத்தமானதாக நான் கேள்விப்பட்டதில்லை.

மூவரும் கூடத்துத் தரையில் உட்கார்ந்தோம். பையன் கார்டைக் கழற்றிக் கம்ப்யூட்டரில் செருகி, முதல் காரியமாக அதிலிருந்த அத்தனையையும் அப்படியே கம்ப்யூட்டருக்குப் பிரதி எடுத்தான். அரை மணி நேரத்துக்கு மேல் ஆயிற்று. "அழிக்கத்தானே போறோம், எதுக்குண்ணா காப்பி?" என்று என் பெண் பொறுமை இழந்தாள். "அழிக்கப் போறதாலேதான்" என்றான் அவன். எனக்குப் பையன்மேல் மதிப்பு ஏற்பட்டது.

பிறகு பெரியவை முதலில் வரும்படி வரிசைப்படுத்தினான். தலைமாட்டிலேயே வந்து நின்றவை 'சிஐஏ' என்று முடியும் கோப்புகள். இவற்றின் கதை வேடிக்கையானது. மோட் செய்த பெட்டியில் ஒரு விளையாட்டை ஏற்ற வேண்டுமானால், அதன் முழு உருவமும் அடங்கிய சிஐஏ கோப்பைக் கார்டில் வைத்து, எஃப்பிஐயை விட்டு நிறுவச் சொல்ல வேண்டும். அது நிறுவும்போது கார்டிலேயே இன்னோர் இடத்தில் விளையாட்டைக் கொண்டுபோய் வைக்கிறது. வந்த கோப்பு வந்த இடத்திலேயே கிடக்கும். ஆக, ஒரே புஸ்தகத்துக்கு இரண்டு பிரதி. கீழே இருப்பதை யாரும் தொடுவதே இல்லை. நிறுவி முடித்தவுடன் கோப்பை அழித்துவிடும்படி எஃப்பிஐயிடமே சொல்ல வழி இருக்கிறது; பதினாறு வயதுப் பையனுக்கு அதற்கெல்லாம் நிதானம் ஏது? எங்கள் கார்டில் இப்படிக் கிடந்த வகையில் மட்டும் ஆறு ஜிபிக்கு மேல் மிச்சமாயிற்று. ஒன்றையும் இழக்காமல் ஏறக்குறைய ஐம்பதினாயிரம் பிளாக்!

அடுத்தது பெட்டியின் உள்நினைவுக்கு எடுத்துவைத்த நகல். மோட் செய்யும்போது, ஏதாவது விபரீதம் ஆனால் பெட்டியைப் பழைய நிலைக்குக் கொண்டுவர வேண்டுமே என்று எடுத்து வைப்பது. பெட்டியின் ரகத்தைப் பொறுத்து அது ஒரு ஜிபிக்குச் சற்றுக் குறைவாகவோ கூடுதலாகவோ இருக்கும். அவசியமான வஸ்துதான், ஆனால் பெட்டியின் கார்டிலேயே இருந்து என்ன பிரயோஜனம்? பீரோ சாவியைப் பீரோவுக்குள் வைத்துப் பூட்டின மாதிரி. அதைக் கம்ப்யூட்டரில் ஒன்று, பென்டிரைவில் ஒன்று என்று வைத்துவிட்டுக் கார்டிலிருந்து எடுத்தான்.

மூன்றாவதாகத்தான் வழக்கு வந்தது.

கார்டில் முப்பத்தெட்டு விளையாட்டுகள் இருந்தன. காசு கொடுத்து வாங்கியவை ஒன்பது. மற்றவை எப்படி வந்தன என்று கேட்டேன். பையன் பதில் சொல்லாமல் தலையைச் சொறிந்தான். எனக்கு விஷயம் புரிந்தது. என்னுடைய நாவல் ஒன்றை யாரோ ஒரு புண்ணியவான் பக்கம் பக்கமாகப் படம் பிடித்துக் கோப்பாக்கி ஊருக்கெல்லாம் அன்னதானம் செய்திருக்கிறான். "உங்கள் நாவலை ஃபோனிலேயே படித்துவிட்டேன் ஸார், பிரமாதம்!" என்று ஒரு கல்யாண வீட்டில் ஒருவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். என்ன செய்வது, நானும் குலுக்கினேன். ஆகையால் இந்த விஷயத்தில் நான் நடுநிலை நீதிபதி அல்ல என்பதை வாசகர்கள் கவனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

"கடையையே மூடிட்டான் சித்தப்பா. காசு கொடுக்கணும்னு நினைச்சாலும் யார்கிட்டே கொண்டுபோய்க் கொடுக்கிறது?" என்றான் பையன்.

"கடை மூடினது 2023-ல். நீ கார்டை ரொப்பினது 2020-ல்" என்றேன்.

என் பெண் கைகொட்டிச் சிரித்தாள். பையனும் சிரித்துவிட்டான். ஆனால் அவன் வாதத்தில் சாரமே இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். அமெரிக்காவில் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் என்ற ஸ்தாபனம் 2023-ல் ஓர் ஆய்வு வெளியிட்டது. 2010-க்கு முன்பு அந்நாட்டில் வெளியான விளையாட்டுகளில் நூற்றுக்கு 87 இன்றைக்குக் கடையில் புதிதாகக் கிடைப்பதில்லை என்று அதில் கண்டிருக்கிறது. விற்கவும் மாட்டேன், வைத்திருக்கவும் விடமாட்டேன் என்று சொந்தக்காரர்கள் இருந்தால், பண்டம் பாழாய்ப் போவதுதான் மிச்சம். தன் கைப் பெட்டியின் பூட்டைத் தானே திறந்து, தான் வாங்கியதைப் பத்திரப்படுத்துகிறவனை என்னால் திட்ட முடியவில்லை. ஆனால் அதே சாவியால் அடுத்த வீட்டையும் திறக்கலாம் என்பது வேறு விவகாரம்.

"சரி, இந்த இருபத்தொன்பதில் எத்தனையை ஆடியிருக்கிறாய்?" என்று கேட்டேன்.

எண்ணிப் பார்த்தான். ஏழு. அந்த ஏழிலும் முடித்தது ஒன்று.

இதை நான் பல வீடுகளில் பார்த்திருக்கிறேன். காசு கொடுத்து வாங்கிய புஸ்தகம் மேஜையில் நாலு நாள் கண்ணை உறுத்தி, ஐந்தாம் நாள் படிக்கவைத்துவிடும். சும்மா வந்த புஸ்தகம் எதையும் உறுத்தாது. அது பாட்டுக்கு இருக்கும். அதனாலேயே அதைத் தூக்கிப் போடவும் மனம் வருவதில்லை. வாங்கியதில் நமக்கு ஒரு கணக்கு இருக்கிறது, சும்மா வந்ததில் கணக்கே தொடங்கவில்லை. பையன் ஒவ்வொன்றின்மேலும் கை வைத்து, "இது நல்லா இருக்கும்னு சொன்னாங்க" என்று தயங்கினான். "ஐந்து வருஷமாகச் சொல்லிக்கொண்டே இருக்கிறார்கள்" என்றேன். இருபத்தொன்பதும் போயின. கார்டில் பாதிக்கு மேல் வெறும் மனை. இத்தோடு நிறுத்தியிருந்தாலே என் பெண்ணின் சிற்றூருக்குப் போதும். அவள் நிறுத்தவில்லை. குழந்தைகளுக்கு ஒழிக்கும் வேலை பிடித்துவிட்டால் லேசில் விடமாட்டார்கள்.

இப்போது பெரியவையெல்லாம் போய், சிறியவை மேலே வரத் தொடங்கின.

விளையாட்டுக்கும் அதன் 'சேவ்' என்பதற்கும் உள்ள வித்தியாசத்தை இங்கே சொல்ல வேண்டும். விளையாட்டு என்பது கம்பெனி செய்தது. ஏழரைக் கோடிப் பெட்டிக்கும் ஒன்றே. சேவ் என்பது ஆடியவன் எதுவரை வந்தான், என்ன சேர்த்தான், எதற்கு என்ன பெயர் வைத்தான் என்ற குறிப்பு, அது அவனுடையது. கார்டில் இருக்கும் விளையாட்டை நீக்கப் போனால் பெட்டி இரண்டு வழி காட்டும். சேவைப் பத்திரப்படுத்திவிட்டு விளையாட்டை மட்டும் நீக்குவது ஒன்று. சேவோடு சேர்த்து நீக்குவது மற்றொன்று. அவசரக்காரன் இரண்டாவதை அமுக்கினால் ஆடியதெல்லாம் போயிற்று. பையனிடம் போக்கிமான் எக்ஸ் இருக்கிறது. 2013 அக்டோபரில் வந்த விளையாட்டு. வந்த சூட்டோடு சிங்கப்பூரில் அவனுக்கு வாங்கிக் கொடுத்தது. விளையாட்டு ஒன்றரை ஜிபிக்கு மேல். சேவ் அரை மெகாபைட் கூட இல்லை; நாலு பிளாக்கில் அடங்கிவிடும். அந்த நாலு பிளாக்குக்குள் நூற்றுக்கணக்கான மணி நேரமும், எங்கள் வீட்டில் அப்போது இருந்த நாயின் பெயர் சூட்டப்பட்ட ஒரு மிருகமும் இருக்கின்றன. நாய் செத்து எட்டு வருஷம் ஆகிறது. விளையாட்டை உலகத்தில் எங்கேயாவது தேடிப் பிடித்துவிடலாம். அந்தச் சேவை எங்கே போய்த் தேடுவது? பையன் செக்பாயின்டைத் திறந்து ஒவ்வொரு சேவையும் தனியே எடுத்து வைத்தான்.

பிறகு புகைப்படங்கள். இந்தப் பெட்டிக்கு வெளிப்புறம் இரண்டு கண் உண்டு, நம்மைப் போலவே. இரண்டு கண்ணால் பார்த்ததையும் சேர்த்து ஆழம் தெரியும் படமாக வைத்துக்கொள்ளும். எங்கள் வீட்டுத் துளசி மாடம், சமையலறை ஜன்னல், யாருடைய கால் என்று சொல்ல முடியாத ஒரு கால். என் பெண் அதையெல்லாம் அழிக்கலாமா என்று கேட்டாள். பையன் யோசித்துவிட்டு, "காலை மட்டும் அழி" என்றான்.

கடைசியில் 'பிரைவேட்' என்று ஒரு ஃபோல்டர் நின்றது. அதனுள் வெறும் எண்களைப் பெயராகக் கொண்ட சில ஃபோல்டர்கள். அளவைப் பார்த்தால் ஒன்றுமே இல்லை. பையனுக்கே அதில் என்ன இருக்கிறது என்று ஞாபகம் இல்லை. "அது ஏதோ ஸிஸ்டம் சமாசாரம். நமக்கு வேண்டாம், விடு" என்றான். என் பெண் விடுவாளா? ஒன்றன்பின் ஒன்றாகத் திறந்துகொண்டே போனாள். ஓர் எண்ணுக்குள் 'வாய்ஸ்' என்று இருந்தது. அதில் ஐந்து கோப்புகள்.

இந்தப் பெட்டியில் ஒலிப்பதிவு செய்யும் வசதி ஒன்று உண்டு. பத்து வினாடிக்கு மேல் பதியாது. பதிந்த குரலைக் கீச்சுக் குரலாக்கலாம், தடித்த குரலாக்கலாம், வேகத்தைக் கூட்டலாம், குறைக்கலாம். குழந்தைகள் தும்மலையும் ஏப்பத்தையும் பதிந்து சிரிப்பதற்காக ஏற்பட்டது. பிறகு பெரும்பாலோர் அதை மறந்துவிடுகிறார்கள். எங்கள் பையனும் மறந்திருந்தான்.

முதல் நாலு கோப்பில் தும்மலும் கூச்சலும் இருந்தன. ஐந்தாவதை அவள் தட்டினாள். முதலில் ஊஞ்சல் சங்கிலி கிறீச்சிடும் சப்தம். பிறகு ஒரு குரல்.

"மழை வருது பார். யார் சைக்கிள் வாசல்லே நிக்குது? உள்ளே எடுத்து வைங்கப்பா... சொன்னா யார் கேக்குறா?"

ஒரு சின்னப் பையன் அடக்க முடியாமல் சிரிக்கிறான். அதோடு முடிந்தது.

நானும் பையனும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவில்லை. என் பெண் எங்கள் இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "யாருப்பா இது?" என்றாள்.

என் தகப்பனார் 2018-ல் காலமானார். அப்போது அவளுக்கு நாலு வயது. சுவரில் மாலை போட்ட படம் இருக்கிறது. அதில் அவர் வாயை இறுக மூடிக்கொண்டு, கேமராக்காரரிடம் கடன்பட்டவர் மாதிரி நிற்கிறார். கல்யாண வீடியோக்களில் இரண்டொரு இடத்தில் வருகிறார்; நாதஸ்வரத்துக்கு நடுவே உதடு அசைவதுதான் தெரியும். அவர் பேசிய பேச்சு வீட்டில் எங்கும் இல்லை என்றுதான் நாங்கள் நினைத்திருந்தோம். அது இத்தனை வருஷமாக ஓரிரண்டு பிளாக்கில், ஆடாத விளையாட்டுகளுக்கும் இரட்டைப் பிரதிகளுக்கும் அடியில் இருந்திருக்கிறது.

"தாத்தா" என்றான் பையன். அவள் கோப்பை இன்னொரு தரம் தட்டினாள்.

நான் கவனித்தவரையில் இந்தக் கார்டில் ஒரு நியதி இருக்கிறது. திரும்பக் கிடைக்கக்கூடியது எதுவோ அது இடத்தை அடைத்துக்கொண்டு கிடக்கிறது. திரும்பக் கிடைக்காதது எதுவோ அது இருக்கும் இடம் தெரியாமல் இருக்கிறது. ஒரு ஜிபி, இரண்டு ஜிபி என்று நிற்பவை எல்லாம் ஆயிரக்கணக்கான பேருக்காகச் செய்யப்பட்டவை. அவற்றின் பிரதி எங்கோ ஓரிடத்தில் இருக்கும். ஒரு பிளாக், நாலு பிளாக் என்று ஒடுங்கியிருப்பவை ஒருவனுக்காக, ஒரு வீட்டில் ஏற்பட்டவை. அளவை வைத்துக்கொண்டு இடம் காலி செய்யத் தொடங்குவது சரியான வழி; மேலே இருப்பதை அழித்தால் இடமும் நிறையக் கிடைக்கும், நஷ்டமும் குறைவு. ஆனால் அளவை வைத்துக்கொண்டே முடித்துவிடக் கூடாது. 'இவ்வளவு சின்னதில் என்ன இருக்கப் போகிறது' என்று துடைத்துவிட்டால் மிச்சமாகும் இடமும் ஒன்றும் இல்லை. போவது மட்டும் போய்விடும்.

கதை எழுதுகிறவனுக்கு இது புதிதாகத் தோன்றியிருக்கக் கூடாது. இரண்டு பக்கம் குறைக்கச் சொன்னால் நாங்கள் முதலில் கை வைப்பது வர்ணனையில். ஆற்றங்கரையும் அந்திவானமும் எந்தக் கதையிலிருந்து எடுத்தாலும் கதை பிழைத்துக்கொள்ளும். "சாப்பிட்டாயா?" என்று ஒரு கிழவி கேட்கும் ஒற்றை வரியை எடுத்துப் பாருங்கள், சில சமயம் கதையே விழுந்துவிடும்.

என் தகப்பனாருக்கும் இந்த வித்தை தெரிந்திருந்தது. அந்தக் காலத்து வீடுகளில் கடிதம் குத்தி வைக்கும் கம்பி ஒன்று தொங்கும். அடியில் வட்டமான பலகை, மேலே கொக்கி. வந்த கார்டு, கவர், வரி ரசீது, மளிகைச் சிட்டை எல்லாவற்றையும் அதில் குத்துவார். கழுத்துவரை ஏறியதும், போகிக்கு முதல் நாள் கம்பியை இறக்கிக்கொண்டு உட்காருவார். மொத்தமாக உருவி நெருப்பில் போடமாட்டார். ஒவ்வொன்றாக எடுத்து, மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு படித்து, இந்தப் பக்கம் அந்தப் பக்கம் என்று போடுவார். ஒரு ராத்திரி பூராவும் ஆகும். கல்யாணப் பத்திரிகை, பெரிய பெரிய கவர் எல்லாம் நெருப்புக்குப் போகும். அவருடைய அம்மா பென்சிலால் நாலு வரி கிறுக்கிய ஒரு தபால் கார்டு வருஷா வருஷம் கம்பிக்கே திரும்பும். "பழசை எரிக்கிறதுக்கு எதுக்கு இவ்வளவு படிப்பு?" என்று அம்மா கேட்பாள். அவர் பதில் சொல்லமாட்டார். அடுத்த கடுதாசை எடுப்பார்.

அந்த வேலையைத்தான் நாங்கள் மூன்று பேரும் அன்று செய்தோம் என்று சொல்லலாம். ஒரு வித்தியாசம் உண்டு. கம்பியில் இருந்த தபால் கார்டை யார் வேண்டுமானாலும் எடுத்துப் படிக்கலாம். இந்தக் கார்டில் விளையாட்டுகள் இருக்கும் ஃபோல்டரில் எழுதியிருப்பது அந்தந்தப் பெட்டிக்கென்று அமைந்த ரகசியச் சாவியால் மறைக்கப்பட்டிருக்கிறது. கார்டைக் கழற்றி இன்னொரு 3டிஎஸ் பெட்டியில் போட்டால் ஒன்றும் படிக்க வராது. பெட்டி கெட்டுப்போனால் கார்டு முழுசாக இருந்தும் பிரயோஜனம் இல்லாமல் போகலாம். ஆகையால்தான் சேவ்களைத் தனியே எடுத்து வைப்பது அவ்வளவு முக்கியம். மோட் செய்ததால் கிடைத்த லாபங்களில் நான் மனமார ஒப்புக்கொள்வது இந்த ஒன்றை. நல்ல வேளையாகக் குரல் பதிவுக்கு அந்த மறைப்பு இல்லை. எந்த ஃபோனிலும் ஓடும் சாதாரணக் கோப்பு. பையன் அதை அவனுடைய ஃபோனுக்கும் என்னுடைய ஃபோனுக்கும் அண்ணாவுக்கும் அனுப்பினான். கம்ப்யூட்டரில் ஒன்று, பென்டிரைவில் ஒன்று. பத்து வினாடிக்கு ஐந்து பிரதி. இரட்டைப் பிரதிகளைக் காலையில் இவ்வளவு பரிகாசம் செய்த நான் இதற்கு மட்டும் ஆட்சேபம் சொல்லவில்லை.

அண்ணாவிடமிருந்து ராத்திரி வரை பதில் வரவில்லை. பிறகு, "ஒரிஜினல் கார்டைப் பத்திரமாக வை" என்று ஒரே வரி வந்தது.

அம்மாவுக்குப் போட்டுக் காட்டலாமா, கூடாதா என்று நானும் என் மனைவியும் சமையலறையில் ரகசியமாக யோசனை செய்துகொண்டிருந்தோம். எழுபத்தெட்டு வயது, ரத்தக்கொதிப்பு. எங்கள் யோசனை முடிவதற்குள் என் பெண் பெட்டியைக் கொண்டுபோய் அம்மாவின் காதருகே வைத்துவிட்டாள். அம்மா கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். முடிந்ததும், "இன்னொரு தடவை வை" என்றாள். மூன்று தடவை ஆயிற்று.

"மழைன்னா இப்படித்தான் கத்துவார்" என்றாள் அம்மா. சற்றுப் பொறுத்து, "அன்னைக்கு அந்த சைக்கிளை யாராவது உள்ளே எடுத்து வச்சீங்களா, இல்லையா?" என்று பையனைப் பார்த்துக் கேட்டாள்.

பையனுக்கு ஞாபகம் இல்லை. ஆனால் "வச்சேன் பாட்டி" என்றான்.

இப்போது கார்டில் ஒன்றரை லட்சம் பிளாக்குக்கு மேல் காலியாக இருக்கிறது. அனிமல் கிராஸிங் வந்து இறங்கிவிட்டது. என் பெண்ணின் சிற்றூரில் மரங்கள் முளைத்துக்கொண்டிருக்கின்றன. மத்தியான்னம் அவள் பெட்டியைப் பாதி திறந்தபடி பிடித்துக்கொண்டு, அம்மா அரிசி புடைக்கும் இடத்தில் சப்தம் போடாமல் போய் நிற்கிறாள். அம்மா யாரையோ திட்டிக்கொண்டே புடைக்கிறாள். பத்து வினாடி ஆனதும் அவள் அடுத்த கோப்புக்குப் போகிறாள். இடம்தான் நிறைய இருக்கிறதே!